பாலிசாக்கரைடு: பொட்டலம், பாடநூல், தடுப்பூசி அட்டை ஆகியவற்றில் இச்சொல்லைப் படிப்பது எப்படி?

சிங்கப்பூருக்கு வந்து நாலு மாதம் ஆனவர்கூட இந்தச் சொல்லை எங்காவது பார்த்திருப்பார். பேரங்காடியில் ஜெல்லிப் பொட்டலத்தின் பின்புறம், உயர்நிலைப்பள்ளியில் படிக்கும் பிள்ளையின் உயிரியல் நோட்டு, சீன மருந்துக் கடையில் காளான் மாத்திரைப் புட்டி, மருந்தகத்தில் தரும் தடுப்பூசி அட்டை என்று அது எங்கும் இருக்கிறது. ‘சர்க்கரை’ என்று நினைத்துப் பயப்படுகிறவர்கள் உண்டு. ‘காம்ப்ளெக்ஸ் கார்ப்தானே, நல்லது’ என்று அள்ளிப் போட்டுக்கொள்கிறவர்களும் உண்டு. இருவருமே சொல்லைப் பாதிதான் படித்திருக்கிறார்கள். ஒரு பொருள் எப்படிக் கட்டப்பட்டிருக்கிறது என்பதை மட்டுமே பாலிசாக்கரைடு என்ற சொல் சொல்லும். உடம்புக்குள் போய் அது என்ன செய்யும் என்பதற்கு அடுத்த கேள்வியை நாம்தான் கேட்க வேண்டும். அந்தக் கேள்விகளை எந்த வரிசையில் கேட்பது என்று பார்ப்போம்.

முதல் படி: எண்ணிக்கையைப் பாருங்கள்

‘சாக்கரைடு’ நமக்குப் புதிய சொல் இல்லை. வடமொழி சர்க்கரா கிரேக்கத்துக்கும் லத்தீனுக்கும் போய், வேதியியலார் கையில் சாக்கரைடாகத் திரும்பியிருக்கிறது. முன்னால் ஒட்டியிருக்கும் கிரேக்க எண்ணைப் பார்த்தால் போதும். மோனோ என்றால் ஒன்று, டை என்றால் இரண்டு, ஒலிகோ என்றால் சில, பாலி என்றால் பல.

குளுக்கோஸ், ஃபிரக்டோஸ், காலக்டோஸ் மூன்றும் ஒற்றைச் சர்க்கரைகள். நாம் காப்பியில் போடும் வெள்ளைச் சீனி சுக்ரோஸ். ஒரு குளுக்கோஸும் ஒரு ஃபிரக்டோஸும் சேர்ந்த இரட்டைச் சர்க்கரை. பாலில் இருக்கும் லாக்டோஸும் இரட்டைதான். மூன்று முதல் பத்து வரை சேர்ந்தால் பொதுவாக ஒலிகோசாக்கரைடு என்பார்கள். கொண்டைக்கடலையும் மொச்சையும் தின்றால் வயிறு உப்புவதற்கு முக்கியக் காரணம் இந்த வகைதான்: ராஃபினோஸ், ஸ்டேக்கியோஸ். அவற்றை உடைக்கும் நொதி (என்சைம்) நம்மிடம் இல்லை, பெருங்குடலில் உள்ள நுண்ணுயிர்கள் உடைத்து வாயுவாக்கிவிடும். பயறு ஊறிய தண்ணீரைக் கொட்டச் சொல்லும் பாட்டிகளின் வழக்கத்தில் நியாயம் இருக்கிறது, இவற்றில் ஒரு பகுதி அந்தத் தண்ணீரோடு போய்விடும்.

பத்துக்கு மேல் போனால் பாலிசாக்கரைடு. இது ஏற்பாட்டுக்காக வைத்த கோடுதான், இயற்கை போட்டது அல்ல. உண்மையான பாலிசாக்கரைடுகளில் நூற்றுக்கணக்கிலிருந்து பல ஆயிரம் வரை அலகுகள் இருக்கும். ஒவ்வோர் இணைப்பு உண்டாகும்போதும் ஒரு நீர் மூலக்கூறு வெளியேறும். இணைப்பை அறுக்க அதே நீரைத் திரும்பச் செலுத்த வேண்டும். பாடநூல் நீராற்பகுப்பு என்று சொல்வது இதைத்தான்.

இரண்டாம் படி: எந்த அலகு, எந்த முடிச்சு, கிளை உண்டா?

தேக்காவில் பூக்கடை வாசலில் கொஞ்சம் நின்று பாருங்கள். வெறும் மல்லிகையைத் தொடுத்தால் மல்லிகைச் சரம், மரு, கனகாம்பரம் எல்லாம் கலந்தால் கதம்பம். பாலிசாக்கரைடிலும் அப்படித்தான். ஒரே சர்க்கரை திரும்பத் திரும்ப வந்தால் ஒருபடித்தானது, வேறு வேறு சர்க்கரைகள் கலந்தால் கலப்பு வகை. சரத்தை எந்த முடிச்சால் கட்டினார்கள் என்பதும் முக்கியம். பூ அதுவேயானாலும் முடிச்சு மாறினால் சரம் வேறாகிவிடும்.

இதற்கு மாவுச்சத்தான ஸ்டார்ச்சையும் தாவர நாரில் இருக்கும் செல்லுலோஸையும்விடத் தெளிவான சான்று இல்லை. இரண்டிலும் இருப்பது குளுக்கோஸ் மட்டும்தான். ஸ்டார்ச்சில் அவை ஆல்ஃபா முடிச்சால் கட்டப்பட்டவை. நம் எச்சிலில் உள்ள அமைலேஸ் நொதிக்கு அதை அவிழ்க்கத் தெரியும். சோற்றை நிதானமாக மென்றால் லேசாக இனிக்கத் தொடங்குவது அதனால்தான். செல்லுலோஸில் இருப்பதோ பீட்டா முடிச்சு. அதை அவிழ்க்க மனித உடம்பிடம் நொதி கிடையாது. மாட்டிடமும் சொந்தமாகக் கிடையாது, அதன் வயிற்றில் குடியிருக்கும் நுண்ணுயிர்கள் அந்த வேலையைச் செய்கின்றன. ஒன்று சோறு, மற்றது பருத்தி வேட்டி. ஒரே குளுக்கோஸ்தான், முடிச்சு மட்டும் வேறு.

மூன்றாவது, கிளை. ஸ்டார்ச்சுக்குள்ளேயே கிளையில்லாத அமைலோஸும் கிளைகள் கொண்ட அமைலோபெக்டினும் இருக்கின்றன. பாஸ்மதி உதிரி உதிரியாக நிற்பதற்கு அதில் அமைலோஸ் கூடுதலாக இருப்பது ஒரு காரணம். மலாய்ப் பலகாரங்களில் போடும் புளூட் அரிசி ஒட்டிக்கொள்வது கிட்டத்தட்ட முழுக்க அமைலோபெக்டினாக இருப்பதால். நம் கல்லீரலும் தசையும் சேமித்து வைக்கும் கிளைக்கோஜனுக்குக் கிளைகள் இன்னும் அடர்த்தி. கிளை அதிகமென்றால் நுனிகள் அதிகம், ஒரே நேரத்தில் பல நுனிகளிலிருந்து குளுக்கோஸைப் பிய்த்தெடுக்கலாம். ஓடிப்போய்ப் பேருந்தைப் பிடிக்கும்போது அந்த வேகம் உதவும்.

மூன்றாம் படி: பெயரின் வாலைப் பிடியுங்கள்

‘ஓஸ்’ என்று முடிந்தால் பெரும்பாலும் சர்க்கரை. ‘ஏஸ்’ என்று முடிந்தால் அதை வெட்டும் அல்லது கட்டும் நொதி. ‘ஆன்’ அல்லது ‘அன்’ என்று முடிந்தால் பாலிசாக்கரைடாக இருக்க வாய்ப்பு அதிகம்: குளுக்கன், சைலன், மன்னன், டெக்ஸ்ட்ரான். குளுக்கோமன்னன் என்றால் குளுக்கோஸும் மன்னோஸும் கலந்த சரம் என்று பெயரே சொல்லிவிடுகிறது. செல்லுலோஸ், அமைலோஸ் போன்ற பழைய பெயர்கள் இந்த விதிக்கு அடங்காது. அவை ‘ஓஸ்’ என முடிந்தும் பாலிசாக்கரைடுதான். அவற்றை மனப்பாடம் செய்ய வேண்டியதுதான், வேறு வழி இல்லை.

நான்காம் படி: பொட்டலத்தைத் திருப்புங்கள்

இங்கேதான் புதியவர்கள் அதிகம் தடுமாறுகிறார்கள், அதனால் கொஞ்சம் நிதானமாகப் போவோம்.

முதலில் பானங்கள். 2022 டிசம்பர் 30 முதல் பொட்டலப் பானங்களுக்கும், 2023 டிசம்பர் 30 முதல் கடையில் அப்போதே தயாரித்துத் தரும் பானங்களுக்கும் சிங்கப்பூரில் ‘நியூட்ரி-கிரேட்’ தரநிலை நடப்பில் இருக்கிறது. சர்க்கரையையும் நிறைவுற்ற கொழுப்பையும் வைத்து ஏ முதல் டி வரை தருகிறார்கள். 100 மில்லிலிட்டரில் 5 கிராமுக்கு மேல் சர்க்கரை இருந்தால் சி, 10 கிராமைத் தாண்டினால் டி. டி தரப் பானத்துக்கு விளம்பரம் செய்ய முடியாது. நல்ல ஏற்பாடுதான். ஆனால் அந்தக் கணக்கில் ‘சர்க்கரை’ என்பது ஒற்றையும் இரட்டையும்தான். பாலிசாக்கரைடு அதில் வராது. குமிழித் தேநீரின் அடியில் கிடக்கும் கறுப்பு உருண்டைகள் மரவள்ளி ஸ்டார்ச். பானத்தின் தரநிலை அந்த ஸ்டார்ச்சைப் பற்றி எதுவும் சொல்லாது. கோப்பி-ஓ கோசோங் (பாலும் சீனியும் இல்லாத காப்பி) என்று பெருமையாகக் கேட்டுவிட்டுப் பக்கத்தில் இரண்டு பிராட்டா வைத்துக்கொள்பவரின் ரத்தத்தில் ஏறும் குளுக்கோஸ் எங்கிருந்து வருகிறது என்று யோசியுங்கள்.

அடுத்து, ஊட்டச்சத்துப் பட்டியல். அதில் மொத்தக் கார்போஹைட்ரேட் ஒரு வரி, சர்க்கரை ஒரு வரி, நார்ச்சத்து ஒரு வரி இருக்கும். 100 கிராம் பிஸ்கட்டில் கார்போஹைட்ரேட் 70, சர்க்கரை 20 என்று போட்டிருந்தால், மிச்ச 50-இல் பெரும்பகுதி ஸ்டார்ச் என்று வைத்துக்கொள்ளலாம். ஒரு எச்சரிக்கை: இங்கே கடைகளில் எல்லா நாட்டுப் பொட்டலமும் கிடைக்கும். அமெரிக்கப் பட்டியலில் மொத்தக் கார்போஹைட்ரேட்டுக்குள் நார்ச்சத்தும் அடங்கும். ஐரோப்பியப் பட்டியலில் அது தனி. இரண்டு நாட்டுப் பொட்டலங்களை ஒப்பிடும்போது இதைக் கவனியுங்கள்.

‘சர்க்கரை சேர்க்கவில்லை’ என்ற வரியை நம்பி வாங்குபவர்கள் மால்டோடெக்ஸ்ட்ரின் என்ற பெயரைத் தேடிப் பாருங்கள். ஸ்டார்ச்சைத் துண்டு துண்டாக வெட்டி எடுத்த பொடி அது. இனிப்பு குறைவு, சர்க்கரை வரியில் அதன் பெரும்பகுதி வராது, ஆனால் குடலில் மிக விரைவாகக் குளுக்கோஸாகிவிடும். நீரிழிவு உள்ளவர் வீட்டில் இந்தப் பெயர் தெரிந்திருக்க வேண்டும். ஓட்ஸ் பால் இன்னொரு வேடிக்கை. அதைத் தயாரிக்கும்போது நொதி சேர்த்து ஓட்ஸின் ஸ்டார்ச்சை மால்டோஸாக வெட்டுகிறார்கள். சீனி ஒரு சிட்டிகைகூடப் போடாமலே அது இனிப்பதும், பட்டியலில் சர்க்கரை காட்டுவதும் அதனால்தான்.

பிறகு எண்கள். சேர்பொருள் வரிசையில் 406, 407, 410, 412, 415, 440 என்றெல்லாம் வருவதைப் பார்த்து ‘கெமிக்கல்’ என்று பதறுபவர்கள் நிறைய. இவை எல்லாமே பாலிசாக்கரைடுகள். 412 கொத்தவரை விதையிலிருந்து வருவது. 440 பெக்டின், பழத்தோலில் இருப்பது. 414 வேலமரத்துப் பிசின் வகை. 415, சாந்தன் கம், நுண்ணுயிர் வளர்த்து எடுப்பது. 407 கராகீனன், 406 அகர், இரண்டும் சிவப்புக் கடற்பாசியிலிருந்து. 1400-களில் வரும் எண்கள் மாற்றியமைத்த ஸ்டார்ச்சுகள். குழம்பு கெட்டியாக நிற்க, ஐஸ்கிரீம் நறநறக்காமல் இருக்க, ஜெல்லி உறைய என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு வேலை. நம் வீட்டிலும் இவற்றின் உறவினர்கள் இருக்கிறார்கள்: வெண்டைக்காயின் கொழகொழப்பு, ஊறிய வெந்தயம், சப்ஜா விதையைச் சுற்றிய படலம், ஜிகர்தண்டாவில் போடும் பாதாம் பிசின்.

அகரைப் பற்றி இரண்டு வார்த்தை கூடுதலாகச் சொல்லாமல் போக மனம் வரவில்லை. பெயரே மலாய்ச் சொல். நம் ஊரில் நோன்பு மாதத்தில் கடல்பாசி என்று காய்ச்சி உறையவைப்பதும் இதுதான். 1881-இல் ஜெர்மனியில் நுண்ணுயிரியல் அறிஞர் ராபர்ட் கோக்கின் ஆய்வகத்தில் பணியாற்றிய வால்டர் ஹெஸ்ஸே, கிருமி வளர்க்கும் கூழ் வெயில் காலத்தில் உருகிப்போவதைக் கண்டு திணறினார். அவருடைய மனைவி ஃபேனி, தான் சமையலில் ஜெல்லிக்குப் போடும் அகரைப் போட்டுப் பார்க்கச் சொன்னார். ஜாவாவில் வாழ்ந்த டச்சுக் குடும்பத்தினர் மூலம் அவருக்கு அது தெரியவந்திருந்தது. இன்றுவரை உலகமெங்கும் ஆய்வகத் தட்டுகளில் அகர்தான். அது 40 டிகிரிக்குக் கீழே உறையும், ஆனால் ஒருமுறை உறைந்தால் 85 டிகிரி வரை சூடாக்கினால்தான் உருகும். சிங்கப்பூர் மதிய வெயில் அதை ஒன்றும் செய்யாது.

ஜெலட்டின் அப்படியல்ல, அது வாயிலேயே கரையும். ஜெலட்டின் பாலிசாக்கரைடும் அல்ல, விலங்கின் தோல், எலும்பிலிருந்து எடுக்கும் புரதம். ஆகவே சைவக்காரர்களும் ஹலால் பார்ப்பவர்களும் ஜெல்லி, கம்மி மிட்டாய், மார்ஷ்மெல்லோ வாங்கும்போது அகரா, கராகீனனா, கொன்யாக்கா, பெக்டினா, இல்லை ஜெலட்டினா என்று பார்த்தால் போதும். முதல் நான்கும் தாவர, பாசி வகை.

கடைசியாக, காளான் மாத்திரைகள். லிங்ஸி போன்றவற்றின் புட்டியில் ‘பாலிசாக்கரைடு இத்தனை சதவீதம்’ என்று பெரிதாகப் போட்டிருப்பார்கள். எந்தப் பாலிசாக்கரைடு என்று கேளுங்கள். காளானின் செல்சுவரில் இருப்பது பீட்டா குளுக்கன். தானியத்தின் மேல் காளான் இழையை வளர்த்து, தானியத்தோடு சேர்த்தே அரைத்திருந்தால் அந்தச் சதவீதத்தில் சாதாரண ஸ்டார்ச்சும் சேர்ந்திருக்கும். ஸ்டார்ச்சும் பாலிசாக்கரைடுதானே, பொய் என்று சொல்ல முடியாது. பீட்டா குளுக்கன் எவ்வளவு என்று தனியே போடாத புட்டியை நான் திரும்ப அடுக்கில் வைத்துவிடுவேன்.

ஐந்தாம் படி: அயோடினால் சோதித்துப் பாருங்கள்

மருந்துக் கடையில் கிடைக்கும் புண்ணுக்குப் போடும் அயோடின் கரைசலைத் தண்ணீரில் வெளிர்மஞ்சளாகும் வரை கலந்துகொள்ளுங்கள். ஆறிய சாதம், உருளைக்கிழங்குத் துண்டு, சவ்வரிசி, ரொட்டி இவற்றின் மேல் ஒரு சொட்டு விட்டால் கருநீலம். சுருண்டிருக்கும் அமைலோஸுக்குள் அயோடின் போய் உட்கார்ந்துகொள்வதால் வரும் நிறம் இது. சீனியில் வராது. அகர் ஜெல்லியிலும் அந்தக் கருநீலம் வராது, அதுவும் பாலிசாக்கரைடுதான் என்றாலும். அயோடின் தேடுவது ஸ்டார்ச்சை. பாலிசாக்கரைடு என்ற முழுக் குடும்பத்தையும் அல்ல. தேர்வில் பிள்ளைகள் மதிப்பெண் விடும் இடங்களில் இது ஒன்று.

புளூட் அரிசியில் விட்டுப் பாருங்கள், நீலத்துக்குப் பதில் செம்பழுப்பு வரும். அமைலோஸ் இல்லாததன் அடையாளம். பச்சை வாழைக்காயில் அடர்த்தியாக வரும் நிறம் நன்றாகக் கனிந்த பழத்தில் மங்கிவிடும், ஸ்டார்ச் சர்க்கரையாகிவிட்டதால். சூடான கஞ்சியில் விட்டால் நிறம் வராமல் போகலாம், ஆறவிட்டுச் செய்யுங்கள். எலுமிச்சைச் சாறு பட்டாலும் நிறம் போய்விடும். சோதித்த உணவைக் குப்பையில் போடுங்கள். வேட்டி சட்டையில் பட்டால் கறை லேசில் போகாது.

ஆறாம் படி: சரியாகச் சொல்லவும் எழுதவும்

தமிழ்நாட்டில் படித்துவிட்டு வந்தவர்கள் பாலிசாக்கரைடைப் பல்சர்க்கரை, கூட்டுச் சர்க்கரை என்றும் ஸ்டார்ச்சைத் தரசம் என்றும் படித்திருப்பார்கள். இங்கே பிள்ளைகளுக்கு உயிரியல் ஆங்கிலத்தில்தான், அந்தச் சொற்கள் காதில் விழுந்தே இராது. வீட்டில் சொல்லிக்கொடுக்கும்போது பாலிசாக்கரைடு என்றே சொல்லுங்கள், விளக்கத்தைத் தமிழில் கொடுங்கள். ‘கூட்டுச் சர்க்கரை’ என்பதை நான் தவிர்க்கிறேன். இரட்டைச் சர்க்கரையையும் அது தொட்டுவிடுகிறது, எது என்று தெளியாது.

‘ஸ்டார்ச் ஒரு பாலிசாக்கரைடு’ என்பது சரி. ‘பாலிசாக்கரைடு என்றால் மாவுச்சத்து’ என்பது தவறு. மரமும் பருத்தியும் இறால் ஓட்டின் கைட்டினும் பாலிசாக்கரைடுகளைக் கொண்டவை, யாரும் அவற்றை வடித்துச் சாப்பிடுவதில்லை. ‘நார்ச்சத்து முழுவதும் பாலிசாக்கரைடு’ என்பதும் தவறு. மரத்தன்மை தரும் லிக்னினையும் நார்ச்சத்தோடு சேர்ப்பார்கள், அது சர்க்கரையால் ஆனது அல்ல. கிளைக்கான் என்று வந்தால் குழம்ப வேண்டாம், ஏறக்குறைய இதே பொருளில் ஆய்வாளர்கள் புழங்கும் சொல்.

தாவரம் ஏன் குளுக்கோஸாகவே சேமிக்காமல் ஸ்டார்ச்சாக மாற்றுகிறது என்ற கேள்வி வந்தால், மூன்று குறிப்புகள் போதும்: நீரில் கரையாது, ஆகவே செல்லின் நீர் அழுத்தத்தைக் கலைக்காது; பெரிய மூலக்கூறு, ஆகவே செல் சவ்வைத் தாண்டிக் கசியாது; குறைந்த இடத்தில் அடங்கும்.

ஏழாம் படி: தடுப்பூசி அட்டையில் பார்த்தால்

இங்கே பாலிசாக்கரைடு உணவே அல்ல. நிமோனியாவை உண்டாக்கும் நியூமோகாக்கஸ் போன்ற கிருமிகள் தங்களைச் சுற்றிப் பாலிசாக்கரைடால் ஓர் உறை போட்டுக்கொள்கின்றன. அந்த உறையைப் பிரித்தெடுத்துத் தடுப்பூசியாகக் கொடுத்தால், உடம்பு அதை அடையாளம் கண்டு எதிர்ப்பொருள் உண்டாக்கும். பிபிஎஸ்வி23 என்பதில் 23 வகை நியூமோகாக்கஸின் உறைப் பொருள் இருக்கிறது. நீரிழிவு உள்ளவர் இந்தப் பெயரைப் பார்த்துச் சர்க்கரை ஏறுமோ என்று பயப்பட வேண்டாம். அளவு மைக்ரோகிராம் கணக்கில்.

இதில் ஒரு குறை. வெறும் பாலிசாக்கரைடைப் பார்த்து இரண்டு வயதுக்குட்பட்ட குழந்தையின் உடம்பு சரியாக எதிர்ப்புக் காட்டாது, நினைவில் வைத்துக்கொள்ளவும் செய்யாது. அதற்காக அந்தச் சரத்தை ஒரு புரதத்தோடு பிணைக்கிறார்கள். அதுதான் ‘கான்ஜுகேட்’ தடுப்பூசி. குழந்தைகளுக்குப் போடும் நியூமோகாக்கல் ஊசியும், மூளைக்காய்ச்சல் உண்டாக்கக்கூடிய ஹிப் கிருமிக்கான ஊசியும் இந்த வகை. பிசிவி என்ற எழுத்துகளில் நடுவில் நிற்பது கான்ஜுகேட்.

ஊருக்கு விடுமுறையில் போகும் நம்மவர்களுக்கு மருத்துவர் டைபாய்டு ஊசி பரிந்துரைப்பதுண்டு. அதில் ‘Vi பாலிசாக்கரைடு’ என்று எழுதியிருந்தால் அது வெறும் உறை வகை. இரண்டு வயதுக்கு மேல்தான் போடுவார்கள், பாதுகாப்பு சில ஆண்டுகளில் குறைந்துவிடும், மறுபடி போட வேண்டிவரும். கான்ஜுகேட் வகையை ஆறு மாதக் குழந்தைக்கும் போடலாம். கைக்குழந்தையோடு போகிறவர்கள் பலதுறை மருந்தகத்திலோ அடுக்குமாடி வீட்டின் கீழே உள்ள மருந்தகத்திலோ, ‘இது வெறும் பாலிசாக்கரைடா, கான்ஜுகேட்டா?’ என்று நேராகக் கேட்டுவிடுங்கள். பயணத்துக்கு இரண்டு வாரம் முன்பாவது போட்டுக்கொள்வது நல்லது. போட்ட ஊசியின் முழுப் பெயரையும் தேதியையும் படம் எடுத்துக் கைப்பேசியில் வைத்துக்கொள்ளுங்கள். ஊரில் போட்ட ஊசிகளின் சீட்டு இருந்தால் அதையும் எடுத்துப் போங்கள். அடுத்தது எப்போது என்று மருத்துவர் கணக்கிட எந்த வகை போட்டீர்கள் என்பது தெரிய வேண்டும்.